கிழக்குப் போர்முனை: எழுதியவர்களும் திருத்தியவர்களும்

தமிழில் இரண்டாம் உலகப் போரைப் படித்தவர்கள் பலருக்கு ஜெர்மன்–சோவியத் போர்முனை சோவியத் நூல்களின் மொழிபெயர்ப்பு வழியாகத்தான் அறிமுகமானது. பரீஸ் பொலெவோயின் 'உண்மை மனிதனின் கதை'யோடு வளர்ந்த தலைமுறை ஒன்று நம்மிடையே உண்டு. அதே காலத்தில் லண்டனிலும் நியூயார்க்கிலும் இருந்த வாசகர்கள் இந்தப் போரின் கதையைத் தோற்றுப்போன ஜெர்மன் தளபதிகள் சொல்லக் கேட்டுக்கொண்டிருந்தார்கள். வென்றவர் எழுதுவதே வரலாறு என்று சொல்லிப் பழகியிருக்கிறோம். இங்கே தோற்றவர் எழுதியதுதான் ஒரு தலைமுறைக் காலம் செல்லுபடியானது.

அதற்கு ஓர் ஏற்பாடே இருந்தது. 1942 செப்டம்பர் வரை ஜெர்மன் தரைப்படைத் தலைமையகத்தில் உச்சப் பொறுப்பில் இருந்த ஃபிரான்ஸ் ஹால்டர், போர் முடிந்தபின் அமெரிக்கத் தரைப்படையின் வரலாற்றுப் பிரிவுக்காக ஜெர்மன் அதிகாரிகள் எழுதிய அறிக்கைகளை மேற்பார்வையிட்டார். பனிப்போர் தொடங்கிவிட்ட நேரம். செஞ்சேனையோடு மோதிய அனுபவம் யாரிடம் இருந்தாலும் அமெரிக்காவுக்குத் தேவைப்பட்டது. 1961-ல் அமெரிக்கா ஹால்டருக்கு விருதே கொடுத்தது. தோற்ற தளபதிகளின் இந்த வரலாற்றுப் பள்ளிக்குத் தலைநூல் 1955-ல் வந்த எரிக் ஃபான் மான்ஸ்டைனின் 'இழந்த வெற்றிகள்'. 1949-ல் ஹாம்பர்க்கில் பிரிட்டிஷ் ராணுவ நீதிமன்றம் போர்க்குற்றங்களுக்காக 18 ஆண்டு தண்டனை விதிக்க, அது குறைக்கப்பட்டு 1953-ல் விடுதலையானவர் அவர். ஹிட்லர் தலையிடாவிட்டால் வென்றிருப்போம், ருஷ்யர்கள் ஆள்பலத்தால் வென்றார்கள், கொலைகள் எல்லாம் நாஜிக் கட்சியின் எஸ்.எஸ். படை செய்தவை, ராணுவத்தின் கை சுத்தம்: தளபதிகள் திரும்பத் திரும்பச் சொன்னவை இவைதான்.

சோவியத் பள்ளி தியாகத்தை வாய் நிறையப் பேசியது. தோல்வியைப் பற்றி வாய் திறக்கவில்லை. படையினர் எத்தனை பேர் மாண்டார்கள் என்ற விவரமான கணக்கு 1993-ல் ருஷ்ய ராணுவத்தின் கிரிவோஷேயெவ் தலைமையிலான ஆய்வுக்குழுவின் நூல் வந்தபோதுதான் வெளிப்பட்டது: 86 லட்சத்து 68 ஆயிரம். அந்த எண்ணைக் குறைவு என்று வாதிடுவோர் இன்றும் உண்டு.

இந்த இரண்டு பள்ளிகளையும் எதிரெதிரே உட்காரவைத்து விசாரித்தவர்களில் முன்னோடி பிரிட்டனின் ஜான் எரிக்சன். 1975-லும் 1983-லும் வந்த அவருடைய இரு தொகுதிகள் சோவியத் தரப்பின் எழுத்தை மதித்துப் படிக்கக் கற்றுக்கொடுத்தன. அடுத்து வந்த டேவிட் கிளாண்ட்ஸ், வியட்நாமில் பணியாற்றிய அமெரிக்க ராணுவ அதிகாரி. ஜோனதன் ஹவுஸுடன் சேர்ந்து 1995-ல் எழுதிய நூலில், செஞ்சேனை தோல்விகளிலிருந்து போர்க்கலை கற்ற ஒரு படை என்று காட்டினார். ஜெர்மன் தளபதிகளின் கதையில் 'மந்தை'யாக வந்தவர்கள், இவர் பக்கங்களில் திட்டமிட்டு, ஏமாற்றி, சுற்றிவளைத்து வெல்கிறார்கள். கிளாண்ட்ஸின் நடை கரடுமுரடானது. பக்கத்துக்குப் பக்கம் படைப்பிரிவு எண்கள். ஆனால் அந்த எண்களில்தான் அவருடைய வாதமே இருக்கிறது.

எண் எப்படிப் பேசுகிறது என்பதற்குப் புரோகோரோவ்கா டாங்கிப்போர் நல்ல சாட்சி. 1943 ஜூலை 12, கூர்ஸ்க் போரின் உச்சநாள். சோவியத் கதையில் இரு தரப்பிலுமாக 1,500 டாங்கிகள் மோதின, ஜெர்மானியர் 350-க்கு மேல் இழந்தனர். ஜெர்மன் படைப்பிரிவுகள் மேலே அனுப்பிய அறிக்கையில் டாங்கிகளுக்குத் தனித்தனிக் கணக்கு உண்டு: ஓடும் நிலையில் உள்ளவை, பழுதுபார்ப்பில் உள்ளவை, அடியோடு போனவை. அந்த நாளில் அடியோடு போனவை விரல்விட்டு எண்ணக்கூடியவைதான் என்று ஜெர்மன் ராணுவ வரலாற்றாளர் கார்ல்-ஹைன்ஸ் ஃப்ரீசர் காட்டினார். புரோகோரோவ்கா அருங்காட்சியகத்தில் பணியாற்றிய ருஷ்ய ஆய்வாளர் வலேரி ஸமூலின், சோவியத் ஆவணங்களைக் கொண்டே சோவியத் தளபதி ரோத்மிஸ்திரோவின் டாங்கிப்படை 300-க்கு மேல் இழந்ததை நிறுவினார். பாய்ந்து வந்த டாங்கிகளில் சில, சொந்தத் தரப்பு வெட்டிய டாங்கித் தடுப்பு அகழியிலேயே விழுந்தன. உள்ளூர்ப் பெருமையின் நடுவில் இருந்துகொண்டே இதை எழுதியவர் ஸமூலின். அந்த நேர்மைக்கு நான் தலைவணங்குகிறேன்.

ஆனால் ஜெர்மன் அறிக்கையையும் கண்ணை மூடிக்கொண்டு நம்ப முடியாது. களம் கையில் இருக்கும்வரை, அடிபட்ட டாங்கியை இழுத்துவந்து பட்டறையில் நிறுத்தலாம்; கணக்கில் அது இழப்பு ஆகாது. ஆகஸ்டில் பின்வாங்கும்போது கைவிட்டால்தான் இழப்புப் பட்டியலில் ஏறும். ஒரே நாளின் பட்டியலை வைத்துக்கொண்டு போரையே எடைபோடுகிறவர் இங்கே வழுக்கி விழுவார்.

ஜெர்மனியிலும் திருத்தம் உள்ளிருந்தே வந்தது. ராணுவ வரலாற்று ஆய்வகம் 1979 முதல் 2008 வரை வெளியிட்ட பத்துத் தொகுதிகள், ராணுவத்தின் 'சுத்தமான கை'யைத் தகர்த்தன. 1995-ல் ஹாம்பர்க்கில் தொடங்கிய ராணுவக் குற்றங்கள் பற்றிய கண்காட்சி அதை ஊரறியச் செய்தது. சில படங்கள் தவறாக அடையாளம் காட்டப்பட்டிருந்தது தெரிந்ததும் 1999-ல் கண்காட்சியை நிறுத்தினார்கள். வரலாற்றாசிரியர் குழு ஒன்று சரிபார்த்தது. மைய வாதம் நிற்கிறது என்று சொன்னது. 2001-ல் திருத்திய வடிவில் அது மீண்டும் திறந்தது.

ஆவணங்களும் எண்களும் என்ற இதே உரைகல்லில் கிளாண்ட்ஸையும் உரசிப் பார்க்கலாம். 1999-ல் அவர் சோவியத் தளபதி ஜுகோவைப் பற்றி 'ஜுகோவின் மாபெரும் தோல்வி' எழுதினார். ஸ்டாலின்கிராட் எதிர்த்தாக்குதலுக்கு ஆறு நாள் கழித்து, 1942 நவம்பர் 25-ல் ர்ஷேவ் முனையில் தொடங்கிய 'மார்ஸ்' தாக்குதல், ஜெர்மன் தளபதி வால்டர் மோடலின் 9-ஆம் படையிடம் உடைந்துபோனது. அது கவனத்தைத் திருப்புவதற்கான தாக்குதல் மட்டுமே என்பது சோவியத் தரப்பு விளக்கம். சோவியத் உளவுத்துறையில் இருந்த சுதோபிளாதவ், திட்டம் வேண்டுமென்றே ஜெர்மானியருக்குக் கசியவிடப்பட்டது என்றுகூட 1994-ல் எழுதினார். கிளாண்ட்ஸ் மறுக்கிறார்: ஸ்டாலின்கிராடுக்கு இணையான முயற்சி அது, தோற்றதால் மறைக்கப்பட்டது. மாண்டவர்களை ஏறத்தாழ 1,00,000 என்று கணித்தார். கிரிவோஷேயெவ் கணக்கில் மாண்டோர், காணாமற்போனோர், சிறைப்பட்டோர் எல்லாம் சேர்ந்த மீளா இழப்பே 70,373. அங்கே குவித்த படைபலத்தைப் பார்த்தால், நோக்கம் பற்றிய வாதத்தில் நான் கிளாண்ட்ஸ் பக்கம். மாண்டோர் எண்ணிக்கையில் அவரை அப்படியே ஏற்க என்னால் இயலவில்லை. ருஷ்யப் பாதுகாப்பு அமைச்சகம் 2015 முதல் படைப்பிரிவுகளின் போர்க்குறிப்பேடுகளை இணையத்தில் ஏற்றிவருகிறது. ர்ஷேவ் கணக்கை ஒவ்வொரு படைப்பிரிவாக மறுபடி போட அவற்றில் வழி இருக்கிறது.