வெள்ளம் எந்தக் கட்டத்தில்?

பேரிடர் மேலாண்மை பற்றிய தமிழ்க் குறிப்பு எதை எடுத்தாலும் பெரும்பாலும் அதில் ஒரு அட்டவணை இருக்கும். இடது கட்டத்தில் இயற்கை இடர்கள்: நிலநடுக்கம், சுனாமி, புயல், வெள்ளம், வறட்சி. வலது கட்டத்தில் மனிதனால் ஏற்படுபவை: தீ, ஆலை விபத்து, ரசாயனக் கசிவு, கூட்ட நெரிசல். போட்டித் தேர்வுக்குப் படிக்கிறவர்களுக்கு இது மனப்பாடம். ஒரு மார்க் கேள்விக்கு இது போதும். நடந்த ஒரு பேரிடரை இதை வைத்துப் புரிந்துகொள்ளப் போனால்தான் சிக்கல்.

2015 டிசம்பர் 1-ஐ எடுத்துக்குவோம். தாம்பரத்தில் 24 மணி நேரத்தில் 49 செ.மீ., செம்பரம்பாக்கத்தில் 47 செ.மீ. மழை. நவம்பரிலேயே பெய்து தீர்த்ததால் ஏரிகள் எல்லாம் ஏற்கெனவே தளும்பிக்கொண்டிருந்தன. அட்டவணைப்படி இது வெள்ளம், அதனால் இடது கட்டம். அரசு தரப்பிலும் 'வரலாறு காணாத மழை' என்றுதான் திரும்பத் திரும்பச் சொன்னார்கள். மழை பெரிசுதான், அதில் பொய் இல்லை. ஆனா 'வரலாறு காணாத' என்ற அடைமொழி வந்ததும் அடுத்த கேள்விக்கு வேலை இல்லாமல் போகிறது. இயற்கையைக் கூப்பிட்டு யாரும் விசாரிக்க முடியாது இல்லையா?

பிறகு 2018-இல் இந்தியத் தலைமைக் கணக்குத் தணிக்கையாளரின் அறிக்கை சட்டமன்றத்தில் வைக்கப்பட்டது. அது இந்த வெள்ளத்தை மனிதனால் உண்டான பேரிடர் என்றது. செம்பரம்பாக்கத்திலிருந்து விநாடிக்கு 29,000 கன அடி வீதம் தண்ணீர் திறக்கப்பட்டதைக் கடுமையாக விமர்சித்தது. ஏரியில் இன்னும் கொஞ்சம் தேக்க இடம் இருந்தது என்பது தணிக்கையின் வாதம். முகநூலில் இது அன்று பரவின வேகம் நினைவிருக்கும். வெள்ளம் ஒரே நாளில் இடது கட்டத்திலிருந்து வலது கட்டத்துக்கு மாறிவிட்டது!

தணிக்கை அறிக்கை செய்த வேலை முக்கியமானது. கேட்கவே கூடாதது போல இருந்த கேள்வியை ஆவணத்தில் ஏற்றியது. அறிக்கை ஆக்கிரமிப்புகளையும் நீர்நிலைப் பராமரிப்பையும்கூடப் பேசுகிறது. ஆனால் பொதுவெளியில் தங்கியது ஷட்டர் மட்டும்தான். யார் திறந்தார்கள், எத்தனை மணிக்குத் திறந்தார்கள், யாருடைய உத்தரவுக்குக் காத்திருந்தார்கள். ஒரு ராத்திரி, ஒரு ஏரி, ஒரு குற்றவாளி. அன்றைக்கு அடையாற்றில் ஓடியது செம்பரம்பாக்கத் தண்ணீர் மட்டுமா? வழி நெடுக உள்ள ஏரிகள் நிரம்பி வழிந்த தண்ணீரும், புறநகரில் பெய்த மழையும் அதே ஆற்றில்தான் வந்து விழுந்தன. ஷட்டரை நேரத்தோடு திறந்திருந்தால் சேதம் குறைந்திருக்கலாம். முடிச்சூரில் வெள்ளமே வந்திருக்காது என்று யாராலும் சொல்ல முடியாது.

என்னுடைய விமர்சனம் இதுதான்: இரண்டு கட்டமும் ஒரே மாதிரி தப்பிக்க உதவுகின்றன. இடது கட்டம் எல்லோரையும் விட்டுவிடுகிறது. வலது கட்டம் ஒருத்தரைப் பிடித்துக்கொண்டு மிச்சப் பேரை விட்டுவிடுகிறது. ஆற்றின் வெள்ளச் சமவெளியில் மனைப்பிரிவுக்குக் கையெழுத்துப் போட்டது, ஏரிக்குள் குடியிருப்பு கட்டினது, விமான நிலையத்தின் இரண்டாவது ஓடுபாதையை அடையாற்றுக்கு மேலே பாலம் போட்டு நீட்டினது, இதெல்லாம் எந்த ராத்திரியில் நடந்தது? பல வருஷமாக, ஃபைல் ஃபைலாக, பெரும்பாலும் சட்டப்படியே நடந்தது. (2015-இல் அந்த விமான நிலையமே சில நாள் மூடிக் கிடந்தது.)

வேடிக்கை என்னவென்றால், நம்ம சட்டம் இந்த அட்டவணையைவிடத் தெளிவு. 2005-ஆம் வருஷத்துப் பேரிடர் மேலாண்மைச் சட்டம், இயற்கை, மனிதக் காரணங்கள் என்று சொல்லிவிட்டு, விபத்தையும் கவனக்குறைவையும் கூடவே சேர்க்கிறது. 'கவனக்குறைவு' என்ற அந்த வார்த்தையை நம்ம குறிப்புகள் ஏனோ விட்டுவிடுகின்றன.

2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் மழையோடு எண்ணூர் முகத்துவாரத்தில் எண்ணெய் கலந்தது. புயல் இடது, எண்ணெய்க் கசிவு வலது. மீனவர்களின் வலையிலும் படகிலும் ஒட்டின கறுப்பை எந்தக் கட்டத்தில் எழுதுவது? மணலி மாதிரி தாழ்வான இடத்தில், முகத்துவாரத்துக்குப் பக்கத்திலேயே பெட்ரோலிய ஆலைகளை வைத்திருக்கும்போது இரண்டும் சேர்ந்துதான் வரும்.

வகைப்படுத்தல் வெறும் படிப்பு விஷயம் என்று நினைக்கிறவர்கள் வெயிலைப் பாருங்கள். பேரிடர் நிவாரண நிதிக்காக மத்திய அரசு அறிவித்த பட்டியலில் 12 இடர்கள் இருந்தன. புயல், வறட்சி, நிலநடுக்கம், ஆலங்கட்டி மழை, பூச்சித் தாக்குதல், குளிர் அலைகூட உண்டு. வெப்ப அலை இல்லை. குளிரில் செத்தால் பேரிடர், சித்திரை வெயிலில் சாலை போடும்போது சுருண்டு விழுந்து செத்தால் வெறும் சாவு. 2024 அக்டோபரில் தமிழ்நாடு அரசு வெப்ப அலையை மாநிலப் பேரிடராக அறிவித்தது, இறந்தவர் குடும்பத்துக்கு 4 லட்சம் ரூபாய் நிவாரணத்தோடு. வெயில் அதே வெயில்தான், பட்டியலில் ஒரு வரி கூடியது. ஆனால் அந்தப் பணம் கிடைக்க, சாவுக்குக் காரணம் வெயில்தான் என்று ஒரு டாக்டர் எழுதித் தரணும். மாரடைப்பு என்று எழுதிவிட்டால் மறுபடியும் பழைய கதைதான்.