51க்கு 51: பார்க்கிங்–டாகன்ஹாம் மன்றத்தின் தேர்தல் கணக்கு

கிழக்கு லண்டனில் உள்ள பார்க்கிங்–டாகன்ஹாம் பரோ (லண்டனின் உள்ளாட்சிப் பிரிவு) மன்றத்தில் 51 இடங்கள். 2010, 2014, 2018, 2022 ஆகிய நான்கு தேர்தல்களிலும் அந்த 51 இடங்களையும் தொழிற்கட்சியே வென்றது. வேறெந்தக் கட்சிக்கும் ஓர் இடம்கூடக் கிடைக்கவில்லை. ஆனால் 2006இல் இதே மன்றத்தில்தான் தீவிர வலதுசாரிகளான பிரிட்டிஷ் தேசியக் கட்சி, சுருக்கமாக பி.என்.பி., 12 இடங்களைப் பிடித்து முதன்மை எதிர்க்கட்சியாக உட்கார்ந்தது. அடுத்த தேர்தலிலேயே அந்தப் பன்னிரண்டும் பறிபோயின. இனவெறியை ஊர் மக்கள் ஒன்றுதிரண்டு விரட்டிய கதையாகவே இது இன்றுவரை சொல்லப்படுகிறது. அந்தக் கதையில் உண்மை உண்டு. ஆனால் வாக்குகளையும் இடங்களையும் அருகருகே வைத்துப் பார்த்தால் அது முழுக் கதையாக நிற்பதில்லை.

இந்த ஊரைத் தொழிற்கட்சியின் கோட்டையாக்கியவை வீடும் வேலையும். 1921இல் லண்டன் மாநகர ஆட்சி இங்கே பெக்கன்ட்ரீ குடியிருப்பைக் கட்டத் தொடங்கியது. ஏறத்தாழ 26,000 வீடுகள் கொண்ட அந்தக் குடியிருப்பு, அக்காலத்தில் உலகிலேயே மிகப் பெரிய பொதுக் குடியிருப்பாக இருந்தது. கிழக்கு லண்டனின் நெரிசலான சந்துகளிலிருந்து வந்த குடும்பங்களுக்குத் தனிக் குளியலறையும் சிறு தோட்டமும் கிடைத்தன. 1931இல் டாகன்ஹாமில் ஃபோர்டு கார் தொழிற்சாலை திறந்தது. அரசு கட்டித் தந்த வீடு, தொழிற்சங்கம் காத்துத் தந்த கூலி இரண்டும் சேர்ந்து ஒரு கட்சிக்கு வாக்களிப்பதைக் குடும்ப வழக்கமாகவே ஆக்கிவிட்டன. 1964இல் புதிய பரோவுக்கு நடந்த முதல் தேர்தலிலிருந்தே ஆட்சி தொழிற்கட்சியிடம். 1968இல் லண்டனின் 32 பரோக்களில் 28ஐக் கன்சர்வேடிவ் கட்சி அள்ளிச் சென்றபோதும், தொழிற்கட்சி தக்கவைத்த மூன்றில் இந்தப் பரோவும் ஒன்று.

அந்த அடித்தளம் பிறகு மெல்லக் கரைந்தது. 1980ஆம் ஆண்டின் வீட்டுவசதிச் சட்டம், மன்ற வீட்டில் வாடகைக்கு இருந்தவர்களுக்கு அதைச் சலுகை விலையில் வாங்கும் உரிமையைத் தந்தது. வாங்கிய பலர் பின்னாளில் விற்றார்கள். வீடுகள் தனியார் கைக்குப் போய் வாடகைக்கு வந்தன. விற்ற வீடுகளுக்கு ஈடாக மன்றம் புதிதாகக் கட்டவில்லை, காத்திருப்போர் பட்டியல் நீண்டது. 2002இல் டாகன்ஹாமில் கார் தயாரிப்பு நின்றுபோனது. லண்டனில் வீட்டு விலை ஓரளவு குறைவாக இருந்த பகுதி என்பதால் புதியவர்கள் வந்து குடியேறினார்கள். மக்கள்தொகையில் வெள்ளை பிரிட்டிஷார் 2001இல் 80.9 சதவீதமாக இருந்தார்கள். 2011இல் அது 49.5 ஆனது. பத்தே ஆண்டுகளில் இத்தனை வேகமாக ஒரு சமூகம் மாறும்போது, தன் பிள்ளைக்கு வீடு கிடைக்காத தாய் காரணம் தேடுவாள். அந்தக் காரணத்தைச் சொல்லும் கடமை மன்றத்தை ஆண்ட கட்சிக்கு இருந்தது. அது சொல்லவில்லை. அந்த இடைவெளியில் பி.என்.பி. நுழைந்தது. ஆப்பிரிக்கர்கள் இங்கே வீடு வாங்க மன்றம் பெருந்தொகை மானியம் தருகிறது என்ற பச்சைப் பொய்யைத் துண்டறிக்கையாக அச்சிட்டு வீடு வீடாகக் கொடுத்தது.

2006இன் அந்த 12 இடங்களைக் கவனமாகப் பார்க்க வேண்டும். ஒவ்வொரு வார்டுக்கும் மூன்று கவுன்சிலர்கள். வாக்காளருக்கு மூன்று வாக்குகள். அதிக வாக்கு பெற்ற மூவர் வெற்றி. பி.என்.பி. மொத்தம் 13 வேட்பாளர்களை மட்டுமே நிறுத்தியது. தனக்கு வலுவுள்ள வார்டுகளைத் தேர்ந்து, அங்கும் ஓரிருவரை மட்டும் நிறுத்தி, தன் ஆதரவை அவர்கள்மேல் குவித்தது. வாக்களிக்க வந்தவர்களோ பத்தில் நான்கு பேருக்கும் குறைவு. குறைந்த வாக்குப்பதிவும் குவிந்த வாக்கும் சேர்ந்தபோது, 13இல் 12 என்ற விளைவு வந்தது. தேர்தலுக்குச் சில வாரங்கள் முன்பு, வெள்ளைத் தொழிலாளர் குடும்பங்களில் பத்தில் எட்டு பி.என்.பி.க்கு வாக்களிக்க யோசிப்பதாகப் பார்க்கிங் தொகுதியின் அப்போதைய தொழிற்கட்சி எம்.பி. மார்கரெட் ஹாட்ஜ் சொன்னது அக்கட்சிக்குக் கிடைத்த இலவச விளம்பரம் என்று அவர் கட்சிக்காரர்களே கொதித்தார்கள். அதன் பங்கு எவ்வளவு என்று அளக்க வழியில்லை. தேர்தல் முறையின் பங்கு கண்ணெதிரே தெரிகிறது.

அப்படியானால் 2010? மூன்று விளக்கங்கள் சொல்லப்படுகின்றன. முதலாவது, உழைப்பு. ஹாட்ஜும் பக்கத்துத் தொகுதி எம்.பி. ஜான் கிரடஸும் இனவெறி எதிர்ப்பு இயக்கத்தினரும் மாதக்கணக்கில் கதவு கதவாகத் தட்டினார்கள், குறைகளைக் கேட்டார்கள். இரண்டாவது, மக்கள்தொகை மாற்றம். காமன்வெல்த் நாடுகளிலிருந்து வந்து குடியேறியவர்களுக்கு அங்கே வாக்குரிமை உண்டு. வாக்காளர் பட்டியலே மாறியிருந்தது. மூன்றாவது, நாள். அந்த மன்றத் தேர்தல் நாடாளுமன்றத் தேர்தலோடு ஒரே நாளில், மே 6 அன்று நடந்தது. பார்க்கிங் தொகுதியில் வாக்குப்பதிவு அறுபது சதவீதத்தைத் தாண்டியது.

மூன்றில் எதற்கு எடை அதிகம்? நாடாளுமன்றத் தொகுதியின் எண்கள் உதவுகின்றன. 2005இல் பார்க்கிங்கில் பி.என்.பி. பெற்றது 4,916 வாக்குகள், 16.9 சதவீதம். 2010இல் கட்சித் தலைவர் நிக் கிரிஃபின் தாமே நின்று பெற்றது 6,620 வாக்குகள், 14.6 சதவீதம். இடையில் தொகுதியின் எல்லைகள் திருத்தப்பட்டன, அதைக் கழித்தே பார்க்க வேண்டும். அப்படிப் பார்த்தாலும் பி.என்.பி.யின் ஆதரவாளர்கள் கலைந்துபோனார்கள் என்று சொல்ல இந்த எண்கள் இடம் தரவில்லை. அவர்கள் அப்படியே இருந்தார்கள். அவர்களைச் சுற்றி, அதுவரை வீட்டிலேயே இருந்த ஆயிரக்கணக்கானோர் வாக்குச்சாவடிக்கு வந்தார்கள். எனவே உழைப்புக்கும் அந்த நாளுக்கும்தான் முதல் எடை என்பது என் முடிவு. கதவு தட்டியவர்களின் வெற்றி உண்மையானது. அவர்கள் வென்றது எதிராளிகளின் மனத்தை அல்ல, அதுவரை ஒதுங்கியிருந்தவர்களின் கால்களை. ஜனநாயகத்தில் அதுவும் பெரிய சாதனை, அதை நான் குறைத்து மதிப்பிடவில்லை.

ஆனால் அந்தச் சாதனையை 51க்கு 51 என்று பெருக்கிக் காட்டியது தேர்தல் முறை. மூன்று வேட்பாளர்களையும் நிறுத்தி வார்டில் முன்னிலை பெற்ற கட்சிக்குப் பெரும்பாலும் மூன்று இடமும் போகும். எதிர்வாக்கு பல கட்சிகளாகச் சிதறினால் நாற்பது சதவீத வாக்கே போதும். 2014இல், ஐரோப்பிய ஒன்றியத்தைவிட்டு வெளியேறக் கோரிய யூகிப் கட்சி இந்தப் பரோவில் இரண்டாமிடம் பெற்றது. ஓர் இடமும் இல்லை. அதே நாளில் பக்கத்து ஹேவரிங் பரோவில் அக்கட்சிக்கு 7 இடங்கள் கிடைத்தன. 2016 பிரெக்சிட் வாக்கெடுப்பில் பார்க்கிங்–டாகன்ஹாமில் வாக்களித்தவர்களில் 62.4 சதவீதம் பேர் ஐரோப்பிய ஒன்றியத்தைவிட்டு வெளியேறச் சொன்னார்கள். லண்டனில் அப்படிச் சொன்ன பரோக்கள் ஐந்தே. 2019 பொதுத் தேர்தலில் டாகன்ஹாம்–ரெய்னம் தொகுதியை ஜான் கிரடஸ் 293 வாக்குகளில்தான் காப்பாற்றினார். இத்தனை பிளவு உள்ள ஊருக்கு, ஒரு குரல்கூட மாறுபடாத மன்றம். இரண்டில் எது ஊரின் முகம் என்று கேட்டால், நான் வாக்கெடுப்பைத்தான் காட்டுவேன்.

இதன் பாதிப்பு வெறும் கணக்கில் நிற்பதில்லை. 2000ஆம் ஆண்டின் உள்ளாட்சிச் சட்டம் பெரும்பாலான மன்றங்களைத் தலைவரும் அமைச்சரவையும் நடத்தும் அமைப்பாக மாற்றியது; அவர்களைக் கேள்வி கேட்க, மற்ற கவுன்சிலர்களைக் கொண்ட ஆய்வுக் குழுக்களை வைத்தது. 51 பேரும் ஒரே கட்சியானால், கேள்வி கேட்பவரை அடுத்த தேர்தலில் வேட்பாளராக்குவதும் அதே கட்சிதான். வீடு, குப்பை, முதியோர் பராமரிப்பு, திட்ட அனுமதி எல்லாவற்றிலும் விவாதம் மூடிய கட்சிக் கூட்டத்தில் முடிந்துவிடுகிறது. நல்ல மனிதர்கள் ஆண்டாலும் அது நல்ல ஏற்பாடு அல்ல. 2022இல் லண்டனிலேயே மிகக் குறைந்த வாக்குப்பதிவு இருந்த பரோக்களில் இதுவும் ஒன்று. முடிவு முன்பே தெரிந்த தேர்தலுக்கு மக்கள் வராததில் வியப்பில்லை.

மாற்று முறை கைக்கெட்டும் தூரத்தில்தான் இருக்கிறது. ஸ்காட்லாந்தின் உள்ளாட்சித் தேர்தல்களில் 2007 முதல், வேட்பாளர்களை 1, 2, 3 என்று விருப்ப வரிசைப்படுத்தும் ஒற்றை மாற்று வாக்கு முறை நடப்பில் உள்ளது. மூவரைத் தேர்ந்தெடுக்கும் வார்டில், நான்கில் ஒரு பங்குக்குச் சற்று மேல் வாக்குத் திரட்டியவருக்கு ஓர் இடம் உறுதி. அங்கே கிளாஸ்கோ நகர மன்றத்தில் 2003இல் பாதிக்கும் குறைவான வாக்குகளைக்கொண்டு 79இல் 71 இடங்களை எடுத்த தொழிற்கட்சி, 2007இல் 45 இடங்களோடு நின்றது. ஆட்சி அதனிடமே இருந்தது, எதிரே கேள்வி கேட்க ஆட்கள் வந்தார்கள்.

இதற்கு எதிரான வாதங்களில் ஒன்று கனமானது. இந்த முறை இருந்திருந்தால் 2010இலும் பி.என்.பி. சில இடங்களோடு தப்பியிருக்குமே? தப்பியிருக்கலாம், அதை மறைக்கக் கூடாது. குடியேறி வந்து அந்த வார்டுகளில் வாழ்ந்த ஒருவருக்கு, தம்மை வெளியேற்றத் துடிக்கும் கட்சியின் ஆள் தம் கவுன்சிலராக இருப்பது எத்தனை கசப்பு என்பதையும் மறக்கக் கூடாது. ஆனால் 2006க்குப் பின் நடந்ததையும் பார்க்க வேண்டும். மன்றத்தில் பி.என்.பி. உறுப்பினர்களின் தலைவராக இருந்த ரிச்சர்ட் பார்ன்புரூக், பரோவில் நடக்காத கொலைகள் நடந்ததாகக் காணொளியில் சொன்னார். அவர் மன்ற உறுப்பினர் என்பதாலேயே நடத்தை விதிகள் அவர்மேல் பாய்ந்தன. 2009இல் ஒரு மாதம் இடைநீக்கம் செய்யப்பட்டார். தெருவில் பரவிய துண்டறிக்கைப் பொய்க்கு யாரும் பதில் சொல்லவில்லை. மன்றத்தில் இருந்தவர் சொன்ன பொய்க்கு விசாரணை வந்தது. வெறுப்பை மன்றத்துக்கு வெளியே நிறுத்துவதால் அது தேய்ந்துவிடவில்லை என்பதற்கு 2014ம் 2016ம் போதிய சாட்சி.

ஆகவே என் தீர்ப்பு: 2010 தேர்தல் தொண்டர்களின் வெற்றி, கொண்டாடத் தகுந்தது, அது தந்த மன்றமோ குறைபட்டது, அதைத் தொடர்ந்த மூன்று மன்றங்களும் அப்படியே. 2006இல் சிறு கூட்டத்தை மிகைப்படுத்திய அதே முறைதான் பிறகு பெருங்கூட்டத்தை மிகைப்படுத்தியது. வேல்ஸில் 2021இல் வந்த சட்டம், தேர்தல் முறையை மாற்றிக்கொள்ளும் உரிமையை மன்றங்களுக்கே தந்திருக்கிறது. இங்கிலாந்தின் மன்றங்களுக்கு அந்த உரிமை கிடையாது. வெஸ்ட்மின்ஸ்டர் நாடாளுமன்றம்தான் தர வேண்டும். அந்த உரிமையை முதலில் கேட்க வேண்டியவர்கள் தோற்ற கட்சிக்காரர்கள் அல்ல, 51 இடங்களையும் வென்ற பார்க்கிங்–டாகன்ஹாம் தொழிற்கட்சியினர்.