மீமிஸ் ஃபோட்டோபூலோஸ்: திரையில் நாடோடி, ஏட்டில் கைதி

இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய கிரேக்க நகைச்சுவைப் படங்களைப் பேசும்போது மீமிஸ் ஃபோட்டோபூலோஸின் பெயர் தவறாமல் வரும். அவர் கவிதைத் தொகுப்புகளும் தன்வரலாற்று நூல்களும் எழுதியவர் என்பதோ பெரும்பாலும் போகிறபோக்கில் சொல்லப்படும் தகவலாக நின்றுவிடுகிறது. அந்த எழுத்தை ஒதுக்கினால் அவருடைய நடிப்பும் பாதிதான் பிடிபடும் என்பது என் துணிபு.

1913இல் ஆர்க்காடியா மலைப்பகுதியிலுள்ள ஸாதூனா என்ற சிற்றூரில் பிறந்தார். (பின்னாளில் கிரேக்கத்தை ஆண்ட ராணுவ ஆட்சி இசையமைப்பாளர் மிக்கிஸ் தியோடோராகிஸைக் காவலில் கொண்டுவந்து வைத்ததும் இவ்வூரில்தான்.) ஏதென்ஸில் நாடகம் பயின்று, 1930களில் மேடையேறினார். அக்காலத்து நடிகர்கள் பலரைப் போல அவருக்கும் வாய்த்தது ஊர் ஊராகச் சுற்றும் குழுக்களின் பிழைப்பு. காப்பிக்கடையே அரங்கு, காசு புழங்காத ஊர்களில் முட்டையும் எண்ணெயுமே நுழைவுக் கட்டணம். அந்தக் குழுக்களைக் கிரேக்கர்கள் 'புலூக்கியா' என்பார்கள். 1940இல் வந்த அவருடைய கவிதைத் தொகுப்புக்கும் அதுவே தலைப்பு. திரைக்கு வருமுன்பே அவர் கவிஞர்.

ஜெர்மானிய ஆக்கிரமிப்பின்போது இடதுசாரி விடுதலை இயக்கத்தின் பக்கம் நின்றார். ஜெர்மானியர் வெளியேறிய பின், 1944 டிசம்பரில் ஏதென்ஸ் தெருக்களில் அவ்வியக்கத்தினருக்கும் பிரிட்டிஷ் படைக்கும் சண்டை மூண்டது. பிடிபட்ட ஆயிரக்கணக்கானோரை பிரிட்டிஷார் கப்பலேற்றி எகிப்தின் எல் டாபா பாலைவன முகாமில் அடைத்தார்கள். அவர்களில் ஃபோட்டோபூலோஸும் ஒருவர். ஹிட்லரின் படையை எதிர்த்தவர்களை, அதே ஹிட்லரோடு போரிட்டுக்கொண்டிருந்த நேச நாடே முள்வேலிக்குள் தள்ளியது. இந்தக் கொடுமையின் கசப்பு அவர் தலைமுறையை விட்டு அகலவே இல்லை.

பத்தாண்டுகள் கழித்து, 1955இல், அவருடைய இரண்டு பெரும் படங்கள் வந்தன. யோர்கோஸ் ஜவேலாஸ் இயக்கிய 'கள்ளப் பவுன்' ஒரு போலித் தங்க நாணயம் கைமாறும் நான்கு கதைகளின் தொகுப்பு. அதில் ஃபோட்டோபூலோஸ் பார்வையற்றவராகப் பாசாங்கு செய்யும் பிச்சைக்காரர். அவர் உட்காரும் தெருமுனையில் ஸ்பெரான்ஸா வ்ரானா நடித்த பாலியல் தொழிலாளியும் வந்து நிற்க, இடத்துக்காகச் சண்டை. சற்றே கரகரத்து, இழுத்து இழுத்துப் பேசும் அந்தக் குரலில் கெஞ்சல், வீறாப்பு, தந்திரம் எல்லாம் ஒரே மூச்சில் வரும். ஏமாற்றுக்காரனின் சிறுமையைக் காட்டுகிறார். ஆனால் அவன் பசியை ஒருபோதும் கேலிக்குரியதாக்குவதில்லை.

அலேகோஸ் ஸகெல்லாரியோஸ் இயக்கிய 'லத்தேர்னா, வறுமை, தன்மானம்' இன்னும் நேரடியானது. கைப்பிடியைச் சுழற்றினால் பாடும் பெட்டிதான் லத்தேர்னா. அதை முதுகில் சுமந்து ஊர் ஊராக நடக்கும் இரு நண்பர்களாக வஸீலிஸ் அவ்லோனீட்டிஸும் ஃபோட்டோபூலோஸும் வருகிறார்கள். வீட்டைவிட்டு ஓடிவந்த பணக்காரப் பெண் (ஜென்னி கரேஸி) வழியில் சேர்ந்துகொள்கிறாள். அவளைக் கண்டுபிடித்துத் தருபவருக்குப் பரிசுத் தொகை உண்டு என்று தெரிந்ததும் நண்பர்கள் ஊசலாடுகிறார்கள். மானோஸ் ஹட்ஜிதாகிஸின் இசை படத்தை நாடெங்கும் கொண்டுசென்றது. ஃபோட்டோபூலோஸின் நடையிலோ, பயிற்சியால் மட்டும் வராத ஓர் அலுப்பு இருக்கிறது. கால்நடையாய்ப் பிழைப்பவனை அவர் வேறெங்கும் போய்க் கற்க வேண்டியிருக்கவில்லை.

அதன்பின் கிரேக்கத் திரைத்துறை அசுர வேகத்தில் வளர்ந்து, 1960களில் ஆண்டுக்கு நூறு படங்களையும் தாண்டியது. அவரும் ஓயாமல் நடித்தார். எல்லாமே அவர் தகுதிக்கு ஏற்றவை அல்ல.

இடதுசாரிகளுக்கும் அரசுக்கும் இடையே நடந்த உள்நாட்டுப் போர் 1949இல் முடிந்த பிறகும், அரசு வேலைக்கும் கடவுச்சீட்டுக்கும் ஒருவர் தம் அரசியல் நம்பிக்கை குறித்துக் காவல்துறைச் சான்றிதழ் பெற வேண்டியிருந்த நாடு அது. திரையரங்கில் ஜனங்கள் கொண்டாடிய நடிகர், தம் முகாம் நாட்களை நூலாக்கப் பல ஆண்டுகள் எடுத்துக்கொண்டதில் வியப்பில்லை. 'எல் டாபா' என்ற அந்த நூலின் துணைத்தலைப்பு 'ஆங்கிலேயரின் பணயக் கைதி'. பிற்காலத்தில் தபால்தலைகளை வெட்டி ஒட்டி ஓவியங்களும் செய்தார். 1986இல் ஏதென்ஸில் மறைந்தார். அவருடைய சிறந்த படங்களை இன்று பார்ப்பவர்கள் அந்த நூலையும் தேடிப் படிக்க வேண்டும். திரையில் அவர் சொல்லாமல் விட்டதை அங்கே தாமே சொல்லியிருக்கிறார்.