பெல்லுக்கு அந்த ரோபோவைத் தெரியாது

2002 அக்டோபர் சயின்டிஃபிக் அமெரிக்கன் இதழில் மிகேல் நிக்கோலெலிஸும் ஜான் சேப்பினும் சேர்ந்து ஒரு கட்டுரை எழுதினார்கள். தலைப்பைத் தமிழில் சொன்னால் 'மனதால் ரோபோக்களை இயக்குதல்'. மூளை, இயந்திர இணைப்பு பற்றிய பேச்சில் திரும்பத் திரும்ப வந்து நிற்கும் கட்டுரை இது. போன வாரம் மறுபடி உட்கார்ந்து படித்தேன். நல்ல கட்டுரைதான், சும்மா சொல்லக்கூடாது. ஆனால் ஆரம்பத்தில் வைத்திருக்கும் கதை மேல எனக்கு ஒரு சண்டை இருக்கு.

கதை பெல் என்கிற ஆந்தைக் குரங்கைப் பற்றியது. டியூக் பல்கலைக்கழகத்தில் ஒரு அறையில் பெல் உட்கார்ந்திருக்கிறாள். முன்னால் விளக்குகள். எந்தப் பக்கம் விளக்கு எரிகிறதோ அந்தப் பக்கம் ஜாய்ஸ்டிக்கைத் தள்ளினால் ஒரு சொட்டு பழச்சாறு. அவள் மூளையில் மெல்லிய கம்பிகள். அவற்றில் வரும் நியூரான் துடிப்புகளை வைத்து ஒரு கணினி, அவள் கை எங்கே போகப்போகிறது என்று கணித்து ஒரு ரோபோ கைக்கு அனுப்புகிறது. அதே சிக்னல் இணையம் வழியாக 950 கிலோமீட்டர் தாண்டி எம்.ஐ.டி.யில் இருக்கும் இன்னொரு ரோபோ கைக்கும் போகிறது. இரண்டும் பெல்லின் கையோடு சேர்ந்து அசைகின்றன. 2000-இல் நேச்சர் இதழில் வந்த ஆய்வு இது.

பிரமாதம். ஆனால் பெல் எதையும் இயக்கவில்லை. அவள் தன் சொந்தக் கையைத்தான் அசைத்தாள். ரோபோ கை சரியாகப் போனாலும் கோணலாகப் போனாலும் அவளுக்குக் கிடைக்கும் பழச்சாறு மாறாது. அப்படி ஒரு ரோபோ இருப்பதே அவளுக்குத் தெரியாது. நம்ம பாஷையில் சொன்னால் இது ஓபன் லூப். லாகைப் படித்து அவுட்புட்டைக் கணிக்கிற வேலை. கணிப்பு உடனுக்குடன் நடந்தது என்பது பெரிய விஷயம்தான். ஆனால் அதற்கு 'இயக்குதல்' என்று பெயர் வைக்க முடியாது.

இதில் வேடிக்கை என்னவென்றால், உண்மையாகவே இயக்கிய ஒரு விலங்கு இதே ஆசிரியர்களிடம் ஏற்கெனவே இருந்தது. 1999-இல் சேப்பினும் நிக்கோலெலிஸும் நேச்சர் நியூரோசயின்ஸ் இதழில் எலிகளைப் பற்றி எழுதினார்கள். எலி ஒரு நெம்புகோலை அழுத்தினால் ரோபோ கை நகர்ந்து தண்ணீர் கொண்டுவரும். எலி பழகிய பிறகு நெம்புகோலின் இணைப்பை எடுத்துவிட்டு, மூளைச் சிக்னலை நேரே ரோபோ கைக்குக் கொடுத்தார்கள். ஆறில் நாலு எலிகள் அப்படியே தண்ணீர் குடித்தன. போகப் போக நெம்புகோலை அழுத்துவதே குறைந்தது. தாகம் எலிக்கு, தண்ணீர் வருகிறதா என்பது எலிக்கே தெரிகிறது, வரவில்லை என்றால் மூளை தன்னைத் திருத்திக்கொள்கிறது. லூப் மூடிவிட்டது! கட்டுரையை இந்த எலியிலிருந்து தொடங்கியிருக்க வேண்டும். ஆனால் 950 கிலோமீட்டர் என்ற எண் எலியிடம் இல்லையே.

இது ஏன் முக்கியம் என்றால், லூப் மூடினால் வேலையில் பாதியை விலங்கே எடுத்துக்கொள்கிறது. டிகோடர் ஏதோ மந்திரம் என்று நினைப்பவர்களுக்கு ஒரு தகவல்: 2003-இல் பி.எல்.ஓ.எஸ். பயாலஜியில் வந்த அரோரா குரங்கின் ஆய்வில் இருந்தது லீனியர் ஃபில்டர். கடைசி ஒரு விநாடியை 100 மில்லிவிநாடித் துண்டுகளாக வெட்டி, ஒவ்வொரு நியூரானும் எத்தனை தடவை துடித்தது என்று எண்ணி, எடை போட்டுக் கூட்டுவது. கல்லூரியில் படிச்ச ரிக்ரெஷன்தான். ரோபோ கையை நடுவில் சேர்த்ததும் அதன் தாமதத்தால் அரோராவின் ஆட்டம் முதலில் மோசமானது. பிறகு நாள்பட அவளே சரிசெய்துகொண்டாள். ஜாய்ஸ்டிக்கை எடுத்த பிறகு, கையை அசைக்காமலே ஆடினாள். தசையிலும் சிக்னல் வருகிறதா என்று தனியாக அளந்து பார்த்தார்கள். அந்த அளவீடுதான் என்னை நம்ப வைத்தது. எபர்ஹார்ட் ஃபெட்ஸ் 1969-லேயே, ஒரு மீட்டர் முள்ளைக் காட்டி, தீனியும் கொடுத்தால் குரங்கு ஒற்றை நியூரானின் துடிப்பை ஏற்றக் கற்றுக்கொள்ளும் என்று காட்டியிருந்தார். அரோரா அந்த வரிசையில் வருபவள். பெல் அந்த வரிசையில் இல்லை.

எனக்குப் பிடித்தது 2008-இல் பிட்ஸ்பர்க்கில் ஆண்ட்ரூ ஷ்வார்ட்ஸ் குழு செய்தது. குரங்கின் சொந்தக் கைகளைக் கட்டுப்படுத்தி வைத்துவிட்டு, பக்கத்தில் ஒரு ரோபோ கை. கையும் அதன் பிடியும் மூளைச் சிக்னலில் ஓடும். குரங்கு பழத்தையும் மார்ஷ்மெல்லோவையும் எடுத்துத் தானே சாப்பிட்டது. மார்ஷ்மெல்லோ பிடியில் ஒட்டிக்கொள்ளும், கீழே விழாது என்று புரிந்ததும், வாய்க்கு வருமுன்பே பிடியைத் திறந்துவிட ஆரம்பித்தது. ஒரு தடவை புதுத் தீனி எதிரே இருந்தும், ரோபோ விரலை வாய்க்குக் கொண்டுவந்து ஒட்டியதை நக்கியது. இதை யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. அந்தக் கை அதற்குக் கையாகிவிட்டது. 'இயக்குதல்' என்ற சொல்லை இங்கே தாராளமாகப் போடலாம்.

2021 ஏப்ரலில் நியூராலிங்க் வெளியிட்ட பேஜர் குரங்கின் வீடியோ எல்லா வாட்ஸப் குழுவிலும் சுற்றியது. ஜாய்ஸ்டிக், பிறகு ஜாய்ஸ்டிக் இணைப்பு கட், பிறகு ஜாய்ஸ்டிக்கே இல்லாமல் பாங் ஆட்டம், பரிசாக வாழைப்பழ ஸ்மூத்தி. அரோராவின் பாடத்திட்டம் அப்படியே. புதுசு எதுவென்றால் வன்பொருள்: தலையிலிருந்து கம்பி வரவில்லை, 1024 எலக்ட்ரோடுகள் கொண்ட கருவிகள் இரண்டு உள்ளேயே இருந்தன. அது நிஜமான முன்னேற்றம், ஏனென்றால் இந்தத் துறையின் பெரிய தலைவலி கணக்கு இல்லை, எலக்ட்ரோடு. மூளை அதை அந்நியப் பொருளாகப் பார்த்துச் சுற்றிலும் தழும்புத் திசு கட்டுகிறது, கேட்கும் நியூரான்கள் மாதக்கணக்கில் ஒவ்வொன்றாகக் குறைகின்றன. ஆனால் வீடியோவில் எல்லோரும் பார்த்தது பாங் ஆட்டத்தை.

விலங்கு வைத்துச் செய்வது சரியா என்ற கேள்வியை நான் ஒதுக்கவில்லை. மண்டையைத் திறந்து கம்பி வைப்பதும், கைகளைக் கட்டி உட்காரவைப்பதும் சின்ன விலை இல்லை. எதிர்த்தட்டில் 2012-இல் நேச்சரில் வந்த பெண்மணி இருக்கிறார். பக்கவாதத்தால் கைகால் செயலிழந்து சுமார் 15 வருடம் கழித்து, ரோபோ கையால் காபி பாட்டிலை வாய்க்குக் கொண்டுவந்து குடித்தார். அவர் தலையில் எலக்ட்ரோடு வைத்து ஐந்து வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது. இந்த இரண்டையும் தராசில் வைக்க வேண்டுமானால், எந்த விலங்கிடம் என்ன கற்றோம் என்று சரியாக எழுதியிருக்க வேண்டும். பெல்லிடம் கற்றது ஒன்று, அந்த எலிகளிடம் கற்றது வேறு. தலைப்பு இரண்டையும் ஒரே பையில் போட்டுக் கட்டிவிட்டது.