வான்வழியும் கடல்வழியும்: மணிமேகலையின் உலகங்களும் வட சிலாங்கூர்த் தோட்ட வாசிப்பும்

முன்னுரை

மணிமேகலைக் காப்பியத்தில் இடம்பெறும் வான்பயணங்களை இருவகையாகக் கடந்து செல்வது நம்மிடையே வழக்கமாகிவிட்டது. ஒரு சாரார் அவற்றை இயற்கையிறந்த நிகழ்ச்சிகள் எனப் பட்டியலிட்டு அமைவர். மற்றொரு சாரார், சீவக சிந்தாமணியின் மயிற்பொறியையும் புறநானூறு சுட்டும் வானூர்தியையும் உடன்சேர்த்து, பண்டைத் தமிழரின் பொறியியல் அறிவுக்குச் சான்றாக்குவர். முன்னது பயணங்களை அணியாகக் காண்கிறது. பின்னது ஆவணமாகக் காண்கிறது. அப்பயணங்கள் காப்பியத்தினுள் ஆற்றும் பணியை இரண்டுமே காணவில்லை. அப்பணி யாது என்பதையும், கோல சிலாங்கூர் முதலிய வட சிலாங்கூர்த் தோட்டங்களின் வழிவந்த மாணவர்க்கு அது எவ்வாறு பொருள்படும் என்பதையும் இக்கட்டுரை ஆராய முற்படுகிறது.

வான்வழியின் விதிகள்

சாத்தனார் படைத்த வானுலகம் கட்டற்றதன்று. அதற்கு விதிகள் உண்டு. மணிமேகலா தெய்வம் உறங்கும் மணிமேகலையை எடுத்துச் சென்று, முப்பது யோசனைத் தொலைவிலுள்ள மணிபல்லவத் தீவில் விடுகிறது. பின்னர் அவளுக்கு மூன்று மந்திரங்களை அருளுகிறது. வேற்றுருக் கொள்வதற்கு ஒன்று. வானில் திரிவதற்கு ஒன்று. பசியை ஒழிப்பதற்கு ஒன்று. இம்மூன்றாவது மந்திரம் கருதத்தக்கது. பறக்க வல்லவளுக்கும் பசி உண்டு என்பதைக் காப்பியம் தொடக்கத்திலேயே ஒப்புக்கொள்கிறது. சாதுசக்கரன் என்னும் வான்வழிச் செல்லும் முனிவரும் நண்பகல் வேளையில் மண்ணுக்கு இறங்கி, இலக்குமியும் இராகுலனும் அளித்த உணவை ஏற்கிறார்.

மந்திரம் தன் பசியை மட்டுமே தீர்க்கும். பிறர் பசியைத் தீர்க்க அமுதசுரபி வேண்டும். அது மணிபல்லவத்தின் கோமுகிப் பொய்கையிலிருந்து கிடைக்கிறது. எனவே, வான்வழி என்பது காப்பியத்தில் விடுதலையின் குறியீடாக மட்டும் நிற்கவில்லை. பசித்தோரிடம் திரும்பி வருவதற்குரிய வழியாகவும் நிற்கிறது.

இவ்விதியை மறுதலையாகக் காட்டுபவள் காயசண்டிகை. விஞ்சையர் உலகத்தவளான இவள் பொதிய மலைச்சாரலில் விருச்சிக முனிவரின் நாவற்கனியை மிதித்துவிடுகிறாள். வானில் செல்லும் மந்திரத்தை மறந்து, யானைத்தீ என்னும் அடங்காப் பசியுடன் பன்னிரண்டு ஆண்டுகள் உழலுமாறு சபிக்கப்படுகிறாள். கணவன் காஞ்சனன் அவளைப் புகார் நகரில் விட்டுச் செல்கிறான். ஆண்டுதோறும் இந்திர விழாவின்போது வந்து பார்த்துப் போகிறான். மணிமேகலை இட்ட உணவால் பசி நீங்கி ஊர் திரும்பும் வழியில், விந்த மலையைக் காக்கும் விந்தாகடிகை அவளை விழுங்கிவிடுகிறாள். இப்பிழைக்கு இத்துணைத் தண்டனை தகுமா என்னும் வினாவைக் காப்பியம் எழுப்பவில்லை. வினைக்கோட்பாட்டின் எல்லை இவ்விடத்தில் புலப்படுகிறது. அதனை மறைக்காமல் மாணவர்முன் வைப்பதே நேர்மையான கற்பித்தலாகும்.

கப்பல் விட்டுச் சென்றவன்

வான்வழிக்கு இணையாகக் காப்பியத்தில் கடல்வழியும் ஓடுகிறது. அவ்வழியின் தலைமகன் ஆபுத்திரன். பாண்டிய நாட்டில் பஞ்சம் நீங்கியதால், அவன் கையிலிருந்த அமுதசுரபிக்கு வேலையில்லாமல் போகிறது. சாவகத்தில் மழையின்றி மக்கள் மடிகின்றனர் எனக் கப்பலில் வந்தோர் சொல்லக் கேட்டு அவனும் கப்பலேறுகிறான். இடையில் மணிபல்லவத்தில் கப்பல் தங்குகிறது. அவன் இறங்கியதை அறியாத மீகாமன் பாய்விரித்துச் செல்கிறான். உண்பிக்க எவருமற்ற தீவில் ஆபுத்திரன் அமுதசுரபியைப் பொய்கையில் விட்டு, உண்ணாநோன்பு நோற்று உயிர் துறக்கிறான். மறுபிறப்பில் சாவக நாட்டில் புண்ணியராசன் என்னும் அரசனாகிறான்.

மணிமேகலை வானத்தின் வழியே சாவகம் சென்று அவனைக் கண்டு மணிபல்லவத்திற்கு அழைக்கிறாள். அவள் வான்வழியே போகிறாள். அவன் கப்பலில் வருகிறான். அங்கே அவன் தன் பழம்பிறப்பின் எலும்புகளைக் காண்கிறான். அவனை விட்டுச்சென்ற வணிகர் ஒன்பதின்மர் மீண்டும் தேடிவந்து, அவன் இறந்தமை அறிந்து அங்கேயே உயிர் துறந்ததையும் அறிகிறான். புகார் நகரம் கடல்கொள்ளப்பட்ட செய்தியும் அத்தீவிலேயே தெரியவருகிறது. திரும்பிச் செல்வதற்குப் பழைய நகரமும் இல்லை.

மனங்கலங்கிய அரசனிடம் மணிமேகலை கூறுவதே இப்பகுதியின் உச்சம். அவன் தன் நாட்டிற்குத் திரும்ப வேண்டும். உயிர்களுக்கு உணவும் உடையும் உறைவிடமும் அளிப்பதே அறம் என்கிறாள். எலும்புகளைக் காண்பது தேவை; அவற்றினருகிலேயே தங்கிவிடுவது அறமன்று என்பது இதன் உட்பொருள்.

தோட்டத்து வாசிப்பு

கோல சிலாங்கூர், ஈஜோக், புக்கிட் ரோத்தான், பத்தாங் பெர்ஜுந்தை வட்டாரம் மலேசியத் தோட்ட வரலாற்றில் தனியிடம் பெற்றது. 1917-இல் நாட்டின் முதல் வணிகச் செம்பனைத் தோட்டம் இங்குள்ள தென்னமரம் தோட்டத்தில் தொடங்கப்பட்டது. செம்பனை வளர்ந்த தோட்டத்தின் பெயரோ தென்னையைக் குறிக்கும் தமிழ்ச்சொல். அதனைத் தொடங்கிய பிரெஞ்சுத் துரை ஆன்றி ஃபொகோனியே, மலாயாவைப் பற்றி எழுதிய புதினத்திற்காக 1930-இல் கோன்கூர் பரிசு பெற்றார். ஒரே மண் தோட்டத்துரைக்குப் புதினத்தையும், பால்மரம் சீவியோர்க்கு லயன் வீட்டையும் தந்தது.

அத்தொழிலாளர் கடல்வழியே வந்தவர்கள். நாகப்பட்டினம் முகாமும், பினாங்கை அடுத்த ஜெரெஜாக் தீவின் நோய்த்தடுப்பு முகாமும் இரு உலகங்களுக்கிடையே அமைந்த மணிபல்லவங்களாயின. 1969-க்குப் பின் குடியுரிமை இல்லாதோர்க்கு வேலை உரிமம் கட்டாயமாக்கப்பட்டபோது பலர் மீண்டும் கப்பலேறினர். எஞ்சியோரின் தோட்டங்களும் நிலைக்கவில்லை. பால்மரம் செம்பனையாயிற்று, செம்பனையிற் பல வீடமைப்புப் பகுதிகளாயின. பத்தாங் பெர்ஜுந்தையே இன்று பெஸ்தாரி ஜெயா ஆகிவிட்டது. இடம்பெயர்ந்த தமிழ்ப்பள்ளிகள் சில தம் பெயரில் மட்டும் தோட்டத்தைச் சுமந்து நிற்கின்றன.

பௌத்தக் காப்பியத்தில் தோட்ட வரலாற்றை ஏற்றிக் காண்பது காலமுரண் அன்றோ எனச் சிலர் வினவலாம். சாத்தனார் பால்மரக் காட்டை முன்னறிந்து பாடினார் என்பது நம் கருத்தன்று. ஆபுத்திரன் பசி தீர்க்கச் சென்றவன். தொழிலாளரோ பசியால் செலுத்தப்பட்டவர். அவ்வேறுபாட்டையும் மறத்தல் கூடாது. எனினும், பசி, கப்பல், இடைத்தீவு, கைவிடப்படுதல், வேற்று நாட்டில் புதுப்பிறப்பு, பழைய எலும்புகள் என்னும் கதைத்தொடர் காப்பியத்திலேயே உள்ளது. அதனை அடையாளம் காணும் தகுதி இவ்வட்டார மாணவனுக்கு வேறெவரினும் மிகுதி.

மலேசியத் தமிழ்ப் புனைகதை தோட்ட வாழ்வைப் பெரும்பாலும் நடப்பியல் முறையிலேயே பதிவு செய்துள்ளது. சஞ்சிக்கூலிகள், கங்காணி, சப்பானியர் காலம், சயாம் மரண ரயில் ஆகியவற்றை எழுத அம்முறை தேவைப்பட்டது. ஆயினும், உலகங்களுக்கிடையே பயணம் செய்யும் கற்பனை நமக்கு அயலானதன்று; அது நம் காப்பிய மரபிலேயே ஒழுங்குடன் அமைந்துள்ளது. அயல்மொழிக் கற்பனை உலகங்களைத் திரையில் கண்டு வளரும் மாணவர்க்கு இதனை எடுத்துக்காட்டுவது தமிழாசிரியரின் கடமையாகும்.

முடிவுரை

மணிமேகலையின் வானுலகத்தை அறிவியல் சான்றாக்கினால் எளிய பெருமிதம் மட்டுமே எஞ்சும். வெறும் அற்புதமாக ஒதுக்கினால் அதுவும் எஞ்சாது. விதிகளுடைய உலகமாக அதனைப் படித்தால், பறக்கும் ஆற்றல் பிறர் பசியோடு பிணைக்கப்பட்டிருப்பது புலனாகும். காயசண்டிகைக்கு ஆண்டுக்கொருமுறை வந்து பார்த்த கணவன் இருந்தான். பசி தீர்த்தவளோ நாள்தோறும் அந்நகரில் அமுதசுரபியுடன் நின்றவள். தோட்டங்கள் மறைந்த வட்டாரத்தில் பாடம் நடத்தும் ஆசிரியர், புண்ணியராசன் தன் எலும்புகளைக் கண்ட காதையையும் அதனையடுத்து அவன் நாட்டிற்கு அனுப்பப்பட்டதையும் ஒருசேரக் கற்பித்தல் வேண்டும். முன்னதை மட்டும் கற்பித்தால் ஏக்கம் வளரும். பின்னதை மட்டும் கற்பித்தால் மறதி வளரும்.