அரகோனேஸ் மாற்றிய ஆட்டம்

2008 முதல் 2012 வரை இரண்டு யூரோ கோப்பைகளையும் ஒரு உலகக் கோப்பையையும் ஸ்பெயின் வென்ற கதையைப் பெரும்பாலோர் பார்சிலோனாவில்தான் தொடங்குகிறார்கள். யோஹான் க்ரைஃப் கற்றுக்கொடுத்தார், பெப் கார்டியோலா அதை முழுமையாக்கினார், தேசிய அணி இரவல் வாங்கிக்கொண்டது என்பது அந்தக் கதையின் சுருக்கம். ஆனால் தேதிகளை அடுக்கிப் பார்த்தாலே அது ஆட்டம் காண்கிறது. வியன்னாவில் ஜெர்மனியை ஸ்பெயின் வீழ்த்திய நாள் 2008 ஜூன் 29. அன்றைக்குக் கார்டியோலா பார்சிலோனாவின் முதல் அணியை ஒரே ஒரு போட்டியில்கூட வழிநடத்தியிருக்கவில்லை. ஸ்பெயின் அணிக்கு அன்று பயிற்சியாளராக இருந்தவர் 69 வயது லூயிஸ் அரகோனேஸ். முப்பது ஆண்டுகள் எதிர்த்தாக்குதலை நம்பியே பிழைத்த மனிதர் அவர். ஸ்பெயினின் குறும்பாஸ் ஆட்டம் ஒரு பள்ளியின் கொள்கையாக வரவில்லை, கையில் இருந்த வீரர்களைப் பார்த்து ஒரு நடைமுறைவாதி எடுத்த முடிவாகவே வந்தது என்பதும், அந்த முடிவுக்குள் எதிர்த்தாக்குதலும் உயிரோடு இருந்தது என்பதும் என் வாதம்.

அவருடைய பணி வாழ்க்கையே இதற்கு முதல் சான்று. மாட்ரிட்டின் ஓர்தலேசா பகுதியில் 1938-இல் பிறந்தவர். அத்லெட்டிகோ மாட்ரிட்டில் பத்தாண்டுகள் ஆடினார். 1974 மே 15 அன்று பிரஸ்ஸல்ஸில் நடந்த ஐரோப்பியக் கோப்பை இறுதிப் போட்டியின் கூடுதல் நேரத்தில், பயர்ன் மியூனிக்கின் தற்காப்புச் சுவரைத் தாண்டி ஃப்ரீகிக்கில் கோல் அடித்தார். கோப்பை கைக்கு வந்துவிட்டது என்று அத்லெட்டிகோ நினைத்த கடைசி நிமிடத்தில் ஷ்வார்ட்ஸன்பெக் வெகுதூரத்திலிருந்து உதைத்துச் சமன் செய்தார். இரண்டு நாள் கழித்து நடந்த மறுபோட்டியில் பயர்ன் 4-0 என்று வென்றது. அதே ஆண்டின் இறுதிக்குள் அரகோனேஸ் அதே அணியின் பயிற்சியாளர் ஆனார், நேற்றுவரை உடன் ஆடியவர்களுக்கே கட்டளையிடும் நிலையில். 1977-இல் லீக் பட்டம், மூன்று தனித்தனிக் காலங்களில் அரசர் கோப்பை என்று அத்லெட்டிகோவுக்கு அவர் வாங்கித் தந்தவை நிறைய. அந்த அணிகள் எல்லாம் பின்வாங்கி நின்று, பந்து கிடைத்ததும் பாய்ந்து சென்றவை. இடையில் பார்சிலோனாவிலும் ஒரு பருவம் இருந்தார், 1988-இல் அரசர் கோப்பையும் வென்றார். வரிப் பிரச்சினையில் கிளப் தலைவருக்கு எதிராக வீரர்கள் கலகம் செய்தபோது அவர்கள் பக்கம் போய் உட்கார்ந்தவர், பருவ முடிவில் வெளியேறினார். அவருக்குப் பின் அந்தப் பொறுப்புக்கு வந்தவர்தான் க்ரைஃப். பார்சிலோனாப் பள்ளியின் வரலாறு அரகோனேஸ் வெளியேறிய பிறகே தொடங்குகிறது. அவரை அந்தப் பள்ளியின் மாணவர் என்று சொல்ல வழியே இல்லை.

2004-இல் அவர் தேசிய அணிக்கு வந்தபோது ஸ்பெயினிடம் இருந்தது 1964-இல் வென்ற ஒரே ஒரு யூரோ கோப்பை. அதற்குப் பின் நாற்பது ஆண்டுகள் ஏமாற்றம். 1920 ஆன்ட்வெர்ப் ஒலிம்பிக்கிலிருந்து உடல் பலமும் ஆவேசமும்தான் ஸ்பெயினின் அடையாளம் என்று ஒரு நம்பிக்கை வேரூன்றியிருந்தது. அரகோனேஸும் அதில் வளர்ந்தவரே. 2006 உலகக் கோப்பையில் பிரான்ஸிடம் 3-1 என்று தோற்று வெளியேறினார்கள். அந்த ஆண்டு செப்டம்பரில் பெல்ஃபாஸ்ட்டில் வட அயர்லாந்திடம் தோல்வி, அக்டோபரில் ஸ்வீடனிடம் தோல்வி. பதவி விலகச் சொல்லிப் பத்திரிகைகள் கூச்சலிட்டன. இந்த இடத்தில்தான் திருப்பம். 102 போட்டிகளில் 44 கோல் அடித்து, அன்றைக்கு நாட்டின் அதிகபட்ச கோல் சாதனையை வைத்திருந்த ராவுலை அவர் மீண்டும் அழைக்கவே இல்லை. ஷாவி, இனியெஸ்டா, டேவிட் சில்வா, ஃபாப்ரெகாஸ், கசோர்லா என்று உயரமும் உடற்கட்டும் இல்லாத நடுகள வீரர்களைக் கூட்டமாக இறக்கினார். ஜெர்மானியரோடும் ஸ்வீடன்காரரோடும் மோதி இவர்களால் ஜெயிக்க முடியாது. மோத வேண்டிய அவசியமே வராமல் பந்தைத் தம்மிடம் வைத்துக்கொள்ள முடியும். கணக்கு அவ்வளவுதான். அறுபத்தெட்டு வயதில், பழக்கப்பட்ட வழியை இவ்வளவு பகிரங்கமாக விட்டவர் என்று கால்பந்தில் எனக்கு வேறு பெயர் சட்டென்று தோன்றவில்லை.

விட்டார் என்பதும் முழுக்கச் சரியில்லை. 2008 யூரோவில் டோரஸ், வியா என்ற இரண்டு வேகமான முன்கள வீரர்களோடுதான் தொடங்கினார். ரஷ்யாவுக்கு எதிரான முதல் போட்டியிலேயே டோரஸ் தற்காப்பைக் கடந்து ஓடித் தள்ளிவிட்ட பந்தில்தான் வியாவின் முதல் கோல் வந்தது. இறுதிப் போட்டியின் 33-ஆவது நிமிடத்தைக் கூர்ந்து பாருங்கள். ஷாவி நடுவிலிருந்து ஒரே பாஸைத் தற்காப்பைப் பிளந்து அனுப்புகிறார். பந்துக்கு அருகில் இருப்பவர் ஜெர்மனியின் ஃபிலிப் லாம். டோரஸ் அவருடைய வெளிப்பக்கமாகச் சுற்றி ஓடி முந்துகிறார், பாய்ந்து வரும் கோல்கீப்பர் லேமனுக்கு மேலே பந்தைத் தூக்கி விடுகிறார், அது உருண்டு உள்ளே போகிறது. ஒரு பாஸ், ஒரு ஓட்டம், ஒரு கோல். 1970-களின் அத்லெட்டிகோ அடித்திருக்கக்கூடிய கோல் அது. ஆறு போட்டிகளில் 12 கோல்கள் அடித்த அந்த அணியைக் கார்டியோலாவின் முன்னோட்டம் என்று சொல்வது அதைச் சரியாகப் பார்க்காமல் சொல்வது.

ஷாவியையும் இனியெஸ்டாவையும் உருவாக்கியது பார்சிலோனாதானே என்று கேட்பார்கள். மறுக்கவில்லை. ஆனால் 2006 சாம்பியன்ஸ் லீக் இறுதிப் போட்டியில், நீண்ட காயத்திலிருந்து திரும்பியிருந்த ஷாவி பார்சிலோனாவுக்காகக் களமிறங்கவே இல்லை. இனியெஸ்டா இடைவேளைக்குப் பிறகே வந்தார். அவர்களைச் சுற்றி ஓர் அணியையே கட்டலாம் என்று பார்சிலோனாவுக்கு முன்பே துணிந்தது தேசிய அணி. வியன்னா இறுதிப் போட்டியில் தொடக்கப் பதினொருவரில் பார்சிலோனாக்காரர்கள் மூவரே: புயோல், ஷாவி, இனியெஸ்டா. நடுகளத்தின் பின்புறத்தைக் காத்த மார்கோஸ் சென்னா பிரேசிலில் பிறந்து வில்யாரியாலில் ஆடியவர். அவர் இல்லாமல் அத்தனை சிறிய வீரர்களை ஒன்றாக இறக்கியிருக்கவே முடியாது. அரகோனேஸிடமிருந்துதான் எல்லாம் தொடங்கியது என்று ஷாவியே வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார்.

அதிர்ஷ்டம் என்ற வாதத்துக்கு வலு உண்டு. அந்த யூரோவின் காலிறுதியில் இத்தாலியைப் பெனால்ட்டியில்தான் வென்றார்கள். அன்று ஜூன் 22. 1986-இல் பெல்ஜியத்திடம், 1996-இல் இங்கிலாந்திடம், 2002-இல் தென் கொரியாவிடம் இதே தேதியில் ஸ்பெயின் பெனால்ட்டியில் தோற்றிருந்தது. கோல்கீப்பர் கசியாஸ் இரண்டைத் தடுத்திராவிட்டால் இந்தக் கட்டுரைக்கே இடமிருந்திருக்காது. ஆனாலும் 120 நிமிடங்களும் பதறி நீண்ட பந்துகளுக்குத் தாவாமல் ஒரே முறையில் ஆடிய அணி முந்தைய மூன்று தோல்விகளிலும் இல்லை.

இதைவிடக் கனமான குறை ஒன்று உண்டு. 2004 அக்டோபரில் பயிற்சியின்போது, அணி வீரர் ரேயஸுக்கு ஊக்கம் கொடுப்பதாக எண்ணி, அவருடைய கிளப் சகவீரர் தியரி ஹென்றியைப் பற்றி நிறவெறிச் சொல்லால் பேசினார். கேமரா பதிவு செய்துவிட்டது. அடுத்த மாதம் மாட்ரிட்டில் இங்கிலாந்தின் கறுப்பின வீரர்களைப் பார்த்துக் கூட்டம் குரங்குச் சத்தம் எழுப்பியது. ஸ்பெயின் சம்மேளனம் அவருக்கு 3,000 யூரோ மட்டுமே அபராதம் விதித்தது. மயோர்காவில் அவரிடம் ஆடிய சாமுவேல் எடோ அவரைத் தந்தைபோலப் போற்றினார் என்பதைச் சிலர் பதிலாக வைக்கிறார்கள். எடோவின் அன்பு உண்மை, ஆனால் அது அந்தச் சொல்லுக்குப் பதில் ஆகாது. வீரர்களை அணைத்தும் அதட்டியும் தன் வீட்டுப் பிள்ளைகளாக நடத்திய அதே பழக்கம்தான், வெளியாளைப் பற்றி எதுவும் பேசலாம் என்ற துணிவையும் அவருக்குத் தந்தது. அவருடைய சாதனையை எழுதும் எவரும் இதை அடிக்குறிப்பாக ஒதுக்கக் கூடாது.

பின் வந்த விசென்தே தெல் போஸ்கே அடித்தளத்தை மாற்றவில்லை, ஆனால் ஆட்டத்தை இறுக்கினார். 2010 உலகக் கோப்பையில் ஏழு போட்டிகளில் எட்டே கோல்கள். நாக்அவுட் போட்டிகள் நான்கும் 1-0. முன்கள வீரரே இல்லாமல் தொடங்கி 2012 யூரோ இறுதியில் இத்தாலியை 4-0 என்று வென்றார்களே என்று கேட்கலாம். அந்தப் போட்டியின் இரண்டாவது கோலைப் பாருங்கள்: பின்னாலிருந்து பாய்ந்து வந்த ஜோர்டி ஆல்பாவுக்கு ஷாவியின் ஒற்றைப் பாஸ். அந்த ஓட்டம் மறைந்த பிறகு எஞ்சியது பந்தைச் சுற்றிவிடுவது மட்டுமே. 2018-இல் ரஷ்யாவுக்கு எதிராக ஆயிரத்துக்கும் மேற்பட்ட பாஸ்கள் போட்டு பெனால்ட்டியில் தோற்றார்கள். 2022-இல் மொராக்கோவிடமும் அப்படியே. அங்கே ஸ்பெயினின் பெனால்ட்டி ஒன்றுகூட உள்ளே போகவில்லை. அரகோனேஸ் 2014 பிப்ரவரியில் இறந்துவிட்டார், இவற்றைப் பார்க்கவில்லை. 2024 யூரோவில் லூயிஸ் தெ லா ஃபுவெந்தே இரு ஓரங்களிலும் லமீன் யமாலையும் நிகோ வில்லியம்ஸையும் நேராகப் பாய விட்டார். ஏழு போட்டிகளில் ஏழு வெற்றி, 15 கோல்கள்.