பொய்யன் எழுப்பிய மெய்யான வினா: போக்கிமான் கதையொன்றின் முடிவு

திடப்படுத்தல் வகுப்பொன்றில், ஆதாம் விலங்குகளுக்குப் பெயரிட்ட பகுதியை நாம் விளக்கிக்கொண்டிருந்தபோது, "அந்த விலங்குகளிடம் யாராவது சம்மதம் கேட்டார்களா, ஐயா?" என்று ஒரு மாணவன் வினவினான். ஆதியாகம விரிவுரைகளில் இவ்வினாவை நாம் சந்தித்ததில்லை. எங்கிருந்து இதனைப் பெற்றாய் என்று கேட்டோம். அவன் ஒரு வீடியோ விளையாட்டின் பெயரைச் சொன்னான். மூத்த போதகர் சிலர் இதைப் படித்து முகம் சுளிக்கக்கூடும். நாவலையும் நாடகத்தையும் திரைப்படத்தையும் ஆராயும் இறையியலாளர், இளைஞர் பல வாரங்கள் தம் கையில் வைத்து வாழ்ந்து முடிக்கும் கதையொன்றைத் தீண்டாது விடுவதற்கு நியாயம் இருப்பதாக நமக்குத் தோன்றவில்லை. ஆகவே அவ்விளையாட்டை நாமும் கதை முடியுமட்டும் ஆடிப் பார்த்தோம். விரல்கள் பழகவே ஒரு வாரம் ஆயிற்று என்பதை ஒப்புக்கொள்கிறோம்.

போக்கிமானை அறியாத வாசகருக்குச் சிறு விளக்கம் தேவை. 'பாக்கெட் மான்ஸ்டர்' என்னும் இரு சொற்களின் சுருக்கமே இப்பெயர். ஜப்பானியரான சதோஷி தஜிரி, தம் சிறுவயதில் பூச்சிகளைத் தேடிப் பிடித்துச் சேர்த்த அனுபவத்திலிருந்து இதனை உருவாக்கினார். முதல் விளையாட்டுகள் 1996இல் வெளிவந்தன. அவற்றில் 151 விந்தை விலங்குகள் இருந்தன. ஆடுபவர் வீட்டைவிட்டுப் புறப்பட்டு, காட்டிலும் குகையிலும் எதிர்ப்படும் விலங்குகளைப் போரில் தளர்வித்து, போக்கிபால் என்னும் உருண்டைக்குள் அடைத்து, பயிற்றுவித்து, பிறருடைய விலங்குகளோடு மோதவிட்டு, எட்டுப் பதக்கங்களைப் பெற்று, இறுதியில் தலைமை வீரரை வென்று, புகழ் மண்டபத்தில் தம் பெயரைப் பதிவு செய்வார். கதை அங்கே முற்றுப்பெறும். பதினான்கு ஆண்டுகள் இவ்வமைப்பு ஏறக்குறைய மாறாதிருந்தது. பிடிபட்ட விலங்கின் மனம் யாது என்னும் வினா கதையின் மையத்திற்கு வரவில்லை.

2010 செப்டம்பரில் ஜப்பானிலும் மறு ஆண்டு மார்ச்சில் மேலைநாடுகளிலும் வெளிவந்த 'போக்கிமான் பிளாக்', 'போக்கிமான் வொயிட்' என்னும் இரட்டை விளையாட்டில் அது மையத்திற்கு வந்தது. இதனை இயக்கியவர் ஜுனிச்சி மசூதா. கதை நிகழும் யுனோவா நாடு நியூயார்க் வட்டாரத்தை மாதிரியாகக் கொண்டது. பயணம் தொடங்கிய சிறிது நேரத்தில், அக்குமுலா என்னும் சிற்றூரின் வெளியில் கூட்டம் கூடியிருப்பதைக் காண்கிறோம். இடைக்கால வீரரைப் போல் உடை தரித்த பிளாஸ்மா அணியினர் அணிவகுத்து நிற்க, கெட்சிஸ் என்னும் பெரியவர் நீண்ட அங்கியுடன் நின்று சொற்பொழிவாற்றுகிறார். மனிதர் இவ்விலங்குகளைத் தோழர் என்று அழைத்தாலும் அடிமைகளாகவே நடத்துகின்றனர், ஆதலால் அவற்றை விடுவிக்க வேண்டும் என்பதே அவருடைய செய்தி. கூட்டம் கலைந்தபின் ஓர் இளைஞன் நம்மிடம் வருகிறான். அவனுடைய பெயர் 'என்' என்னும் ஆங்கில எழுத்து மட்டுமே. (தமிழில் எழுதுகையில் அது நம்முடைய உடைமைச் சொல்லோடு மயங்குவதால், இக்கட்டுரையில் அவனை இளவரசன் என்றே குறிப்பிடுவோம். பிளாஸ்மா அணியின் அரசன் தானே என்பதை அவனே பின்னர் வெளிப்படுத்துகிறான்.) விலங்குகளின் குரல் அவனுக்குக் கேட்கும். நம்முடைய விலங்கு அப்போது ஏதோ சொன்னதாகவும், அது நமக்குக் கேளாதது வருந்தத்தக்கது எனவும் கூறுகிறான்.

சிறுபிள்ளை விளையாட்டில் எழுந்த வினா என்று இதனை ஒதுக்குதல் கூடாது. ஆதியாகமம் முதலாம் அதிகாரத்தின் ஆளுகையை நாம் எத்தனை முறை பிரசங்கித்திருக்கிறோம்! நீதிமான் தன் மிருகத்தின் உயிரைப் பேணுகிறான் என்னும் கருத்துடைய நீதிமொழிகள் 12:10ஐ எத்தனை முறை பிரசங்கித்திருக்கிறோம்? சிருஷ்டி முழுவதும் விடுதலைக்காகத் தவிக்கிறது என்று ரோமர் எட்டாம் அதிகாரத்தில் பவுல் எழுதுவதை, மனித ஆன்மாவின் தவிப்பாகவே குறுக்கிவிட்ட பிரசங்கங்கள் நம்மிடமும் உண்டு. அந்தத் தவிப்பைக் கேட்கும் செவியுள்ள ஒருவனைக் கதையின் எதிராளியாக நிறுத்தியது கதாசிரியர்களின் துணிவு.

ஆனால் அத்துணிவு தொடக்கத்திலேயே தளர்கிறது. விடுதலையைப் பேசிய அணியின் ஆட்கள் சில மணி நேரத்திற்குள், பாழடைந்த கட்டடமொன்றில் முன்னா என்னும் சிறு விலங்கை, அதன் கனவுப் புகையைப் பெறுவதற்காக உதைக்கின்றனர். ஆடுபவருக்கு ஐயம் தீர்ந்தது. இவர்கள் கயவர், ஆகையால் இவர்களுடைய பேச்சும் கயமை. சிந்திக்க வேண்டிய இடத்தில் சினம் கொள்ளுமாறு கதை நம்மை நடத்துகிறது. இளவரசன் ஒருவன் மட்டுமே மாசின்றி நிற்கிறான். அவன் நோக்கம் தெளிவானது: பண்டைய வீரனுக்குத் துணைநின்ற பறவைநாகத்தை எழுப்பி, தலைமை வீரராகிய ஆல்டரை வென்று, மனிதர் யாவரும் தம் விலங்குகளை விடுவிக்கும்படி கட்டளையிடுவது, மனித உலகையும் விலங்கு உலகையும் கறுப்பும் வெள்ளையும்போல் பிரித்துவிடுவது.

கதையின் முடிவுப் பகுதி இங்கே தொடங்குகிறது. நாம் தலைமை மண்டபத்தை அடையும்போது ஆல்டர் ஏற்கெனவே தோற்றுவிட்டார். தம் முதல் தோழமை விலங்கை நோயினால் இழந்து, அத்துயரோடு நாடெங்கும் அலைந்தவர் அவர். விலங்கின்மேல் மனிதன் கொள்ளும் அன்பு மெய்யானது என்பதற்கு அவரே சாட்சி. எனினும் அச்சாட்சியைக் கேட்க எவருக்கும் நேரமில்லை. நிலத்தடியிலிருந்து ஒரு மாபெரும் கோட்டை எழும்பி மண்டபத்தைச் சூழ்ந்துகொள்கிறது.

அக்கோட்டைக்குள் ஓர் அறை உண்டு. இவ்விளையாட்டிலேயே சிறந்த இடம் அதுதான் என்போம். அது ஒரு குழந்தையின் அறை. பொம்மை இரயிலும் விளையாட்டுப் பொருள்களும் சிதறிக் கிடக்கின்றன. இளவரசன் வளர்ந்தது அங்கே. மனிதரிடமிருந்து பிரிக்கப்பட்டு, மனிதரால் வதைக்கப்பட்ட விலங்குகளின் நடுவில் மட்டுமே அவன் வளர்க்கப்பட்டான் என்பதை, அவனோடு வளர்ந்த ஆந்தியா, கன்கார்டியா என்னும் பெண்கள் நமக்குச் சொல்கின்றனர். அவன் கேட்ட குரல்கள் பொய்யல்ல. அவை யாவும் காயப்பட்டவற்றின் குரல்கள். காயப்படாதவற்றின் குரல் அவன் செவிக்கு எட்டாதபடி ஒருவன் பார்த்துக்கொண்டான். மெய்யான சாட்சிகளை மட்டும் தெரிந்தெடுத்து அடுக்கி ஒரு மனிதனைப் பொய்யில் வளர்க்க முடியும் என்பதை, நீண்ட உரையாடல் எதுவுமின்றி, ஓர் அறையைக் காட்டியே கதை நிறுவுகிறது. ஒரே சாரார் எழுதிய நூல்களை மட்டும் மாணவருக்குத் தரும் இறையியல் ஆசிரியர் (நம்மையும் சேர்த்தே சொல்கிறோம்) அவ்வறையில் சற்று நேரம் நின்று பார்த்தல் நலம்.

அடுத்து அரியணை மண்டபம். இளவரசனிடம் ஒரு நாகம் இருக்கிறது. நம் கையிலுள்ள கல்லிலிருந்து மற்றொன்று உயிர்த்தெழுகிறது. முற்காலத்தில் ஒரே நாகமாயிருந்தது, சத்தியத்தை நாடிய சகோதரன், இலட்சியத்தை நாடிய சகோதரன் ஆகிய இரட்டையரின் பிணக்கால் இரண்டாகப் பிளந்தது என்பது யுனோவாவின் பழங்கதை. 'பிளாக்' விளையாட்டை வாங்கியவருக்குச் சத்தியத்தின் நாகமாகிய ரெஷிராமும், 'வொயிட்' வாங்கியவருக்கு இலட்சியத்தின் நாகமாகிய செக்ரோமும் கிடைக்கும். எதிராளியிடம் மற்றது இருக்கும். மற்றபடி நிகழ்ச்சிகள் பெரும்பாலும் ஒன்றே. அதாவது, நாம் சத்தியத்தின் பக்கம் நின்றோமா இலட்சியத்தின் பக்கம் நின்றோமா என்பதைத் தீர்மானித்தது நம் மனச்சாட்சியன்று, கடையில் நாம் எடுத்த பெட்டியின் நிறம். இருவருமே ஒரு பாதியை உடையவர் என்று கதாசிரியர் உணர்த்த விரும்பினர் என்பது தெளிவு. அவ்வுணர்வு நல்லதே. எனினும், கொண்டிருப்பவர் எவராயினும் பொருந்திவிடும் சத்தியம், பிலாத்துவின் மண்டபத்தில் கேட்கப்பட்ட கேள்விக்குத்தான் நம்மைத் திரும்ப அழைத்துச் செல்கிறது.

இதனினும் கூர்மையான முரண்பாடு அடுத்த நொடியில் வருகிறது. உயிர்த்தெழுந்த நாகத்தை நாம் போக்கிபாலில் பிடித்தாக வேண்டும். பிடிக்காமல் கதை நகராது. போரில் அதனை வீழ்த்திவிட்டால் அது மீண்டும் எழுந்து நிற்கும்; பிடிக்குமட்டும் இதுவே தொடரும். விலங்கை அடைத்துவைப்பது அறமா என்னும் வழக்கின் இறுதி விசாரணையில், பிரதிவாதி விலங்கொன்றை அடைத்துக் காட்டினால் மட்டுமே வாதாட அனுமதி! நாகம் தானே விரும்பி நம்மைத் தெரிந்துகொண்டது என்று கதை சொல்கிறது. சொல்லட்டும்; ஆனால் நம் விரல் அழுத்திய பொத்தான் வேறொன்றைச் சொன்னது. அதன்பின் இளவரசனோடு போர்; வென்றவருடைய நம்பிக்கை உறுதியாயிற்று என்பதே முடிவு. விடுதலையை வேண்டும் அவனும் விலங்குகளையே மோதவிட்டு வழக்காடுகிறான் என்பதை அவனே உணரும் தருணம் ஒன்றைக் கதாசிரியர் எழுதியிருந்தால், இந்நிகழ்ச்சி எவ்வளவோ உயர்ந்திருக்கும்.

தோற்ற இளவரசன், இரு நாகங்களும் இரு வீரரைத் தெரிந்துகொண்டதனால் இருவர் பக்கமும் நியாயம் இருக்கக்கூடுமோ என்று தடுமாறுகிறான். அவன் சிந்திக்கத் தொடங்கிய அந்தக் கணத்திலேயே கெட்சிஸ் உள்ளே நுழைகிறார். விடுதலை என்பது வெறும் சூழ்ச்சி; பிறர் யாவரும் விலங்குகளை விட்டுவிட, தாம் மட்டும் அவற்றை வைத்துக்கொண்டு உலகை ஆள்வதே தம் திட்டம் என்கிறார். வளர்த்த மகனையே மனித இருதயம் அற்றவன் என இகழ்கிறார். அவரையும் நாம் வெல்ல, அவர் இழுத்துச் செல்லப்படுகிறார்.

நம்முடைய முதன்மையான குறை இதுவே: வினாவுக்கு விடை கூறாமல், வினவியவனின் முகமூடியைக் கழற்றிக் காட்டிக் கதை தப்பித்துக்கொள்கிறது. கெட்சிஸ் பொய்யர். அவர் அக்குமுலாவில் கேட்டது பொய்யான கேள்வி என்று அதனால் ஆகிவிடாது. கூலிக்கு வந்த பிலேயாமின் வாயில் மெய்யான ஆசீர்வாதம் பிறந்தது. இயேசுவைக் கொல்ல ஆலோசனை கூறிய காய்பா, தான் அறியாமலே தீர்க்கதரிசனம் உரைத்தான் என்று யோவான் 11ஆம் அதிகாரம் சாட்சி பகர்கிறது. சொல்லுபவனின் இருதயத்தைக் கொண்டு சொல்லின் மெய்யை அளக்கத் திருமறை நமக்குக் கற்பிக்கவில்லை. ஆனால் நாம் அளக்கிறோம். சபைக் கணக்கைப் பற்றிக் கேட்டவருடைய பதவி ஆசையையும், சபைக்குள் நிலவும் சாதி வேற்றுமையைப் பற்றிக் கேட்டவருடைய அரசியல் தொடர்பையும் எடுத்துக்காட்டிக் கேள்வியை அடக்கம் செய்த கூட்டங்களில் நாம் அமர்ந்திருக்கிறோம். ஒருமுறை அடக்க ஆராதனையை நாமே நடத்தியதும் உண்டு. அக்கேள்வி ஐந்து ஆண்டுகளுக்குப்பின் கல்லறையிலிருந்து எழுந்து வந்தது.

இத்துணை குறையிருந்தும் இக்கதையின் கடைசி ஐந்து நிமிடங்களை நாம் மறக்க இயலவில்லை. யாவரும் சென்றபின் இளவரசன் நம்மோடு தனித்து நிற்கிறான். முதன்முதல் அக்குமுலாவில் சந்தித்தபோது நம் விலங்கு கூறியதை இப்போதுதான் வெளியிடுகிறான். அது நம்மை நேசிப்பதாகவும் நம்மோடு இருக்க விரும்புவதாகவும் சொல்லிற்றாம். அப்படிப்பட்ட குரலை அவன் அதுவரை கேட்டதேயில்லை. அன்றே அவனுடைய உறுதி அசைந்துவிட்டது. ஆக, அவனை மாற்றியது போர் அன்று. பதக்கங்களுக்கும் நாகங்களுக்கும் முன்பே ஒரு சிறு விலங்கு பகர்ந்த சாட்சி. பிலேயாமின் கழுதை இத்தனை காலம் தான் செய்த பணியை நினைவூட்டித் தன் எஜமானனோடு வழக்காடியது நம் நினைவிற்கு வருகிறது. ஆடுபவராகிய நாம் கதை முழுவதிலும் வாய் திறந்து வாதிடுவதில்லை. நமக்காகப் பேசியது அந்த விலங்கே. அதுவும் நம் செவிக்குக் கேட்கவில்லை. தோற்ற எதிராளியின் வாய்மொழியாகவே நம்மை வந்தடைகிறது. பின்பு அவன் நாகத்தின்மேல் ஏறி, விடை சொல்லிப் பறந்துபோகிறான். தண்டனை இல்லை, புகழ் மண்டபத்தில் நம் பெயரும் இப்போது பதிவாகவில்லை. ஆல்டரோடு போரிட்டு அதனைப் பெறுவது பின்னொரு நாளுக்குரியது. வெற்றியின் கொட்டு முழக்கம் எதிர்பார்த்தவர் ஒரு பிரிவோடு வீடு திரும்புகின்றனர்.

வகுப்பில் அம்மாணவனிடம் இக்காட்சியைப் பற்றியே பேசினோம். "அப்போ, சரியாய்க் கேட்டுப் பார்த்தால் எல்லா விலங்கும் அப்படியே சொல்லுமா, ஐயா?" என்று அவன் மறுபடியும் வினவினான். சொல்லாது என்றோம். கதையும் அதை அறிந்திருக்கிறது என்பதற்கு 2012இல் வந்த தொடர்ச்சியே சான்று. ஈராண்டு கழிந்த யுனோவாவில் பிளாஸ்மா அணி இரண்டாய்ப் பிரிந்துள்ளது. ஒரு பிரிவினர் பழைய வழியிலேயே செல்கின்றனர். இளவரசன்பால் பற்றுடைய மற்றவரோ, டிரிஃப்ட்வெயில் என்னும் துறைமுக நகரில் ஒரு வீட்டில் கூடி வாழ்கின்றனர். விடுதலை என்ற பெயரில் தாங்கள் பறித்துவந்த விலங்குகளைப் பராமரித்து, அவற்றின் உரியவரைத் தேடி ஒப்படைப்பதே அவர்களுடைய வேலை. ஊரார் அவர்களை இன்னும் நம்பவில்லை.